சுருளியம்மாள் கூட்டிப்போன அரைநாள்

சுருளியம்மாளுக்கு வாய் கொஞ்சம் நீளம். அதை அவளே ஒத்துக்கொள்வாள். அடுத்தவர் சொன்னால்தான் சண்டைக்கு வருவாள். போடிநாயக்கனூரில் கலீபுல்லாவின் ஏலக்காய்க் கிட்டங்கியில் இருபத்தாறு வருஷம் காய் பொறுக்கியவள். சொளகு என்று அங்கே சொல்கிற முறத்தை முன்னால் வைத்துக்கொண்டு, கொட்டிய காயில் பச்சையை ஒரு பக்கம், வெளுத்ததை ஒரு பக்கம், வெடித்ததை ஒரு பக்கம், பூச்சி அடித்ததை ஒரு பக்கம் என்று தள்ளிக்கொண்டே இருக்கிற வேலை. கை அதுபாட்டுக்கு ஓடும், வாய் இதுபாட்டுக்கு ஓடும். கையைக் குனிந்து பார்ப்பவள் புதுசாக வேலைக்கு வந்தவள் என்று அங்கே அர்த்தம்.

அப்பேர்ப்பட்டவள் போன ஆடி மாதம் ஒரு நாள் சொளகை நகர்த்தி வைத்துவிட்டு விருட்டென்று எழுந்துவிட்டாள். காரணம் இதுதான். அவள் புருஷன் அழகுமலை குரங்கணியில் ஜீப்பு ஓட்டுகிறவன். லீவு நாளில் இவளும் முன்சீட்டில் ஏறிக்கொண்டு, மலை பார்க்க வருகிறவர்களுக்கு வழியெல்லாம் கதை சொல்லிக்கொண்டு போவாள். ஒருநாள் அந்த ஜீப்பில் அன்புச்செல்வன் வந்தான். மதுரையில் சுற்றுலா நடத்துகிறவன். இறங்கும்போது, "அக்கா, உங்கள மாதிரி ஆளுதான் எங்களுக்குக் கைடா வேணும்" என்றான். அது வாய் உபசாரம். இவளோ அதை அப்படியே முந்தானையில் முடிந்துகொண்டாள்.

மறுநாள் கிட்டங்கியில் அதைச் சொல்லாமல் இருக்க முடியுமா? சொன்னாள். பக்கத்துச் சொளகில் இருந்த கருத்தம்மா தலையைக்கூட நிமிர்த்தவில்லை.

"ஆமா, ஃபாரின்காரன் ஏரோப்பிளேன் ஏறி வந்து ஒங்கிட்டத்தான் கத கேக்கப்போறான். மூஞ்சியப் பாரு!"

கூடமே கொல்லென்று சிரித்தது. வாசலில் நின்ற முதலாளி கலீபுல்லாகூட மீசைக்குள் சிரித்தார். அதுதான் இவளுக்குப் பொறுக்கவில்லை.

"சிரிங்கடி, நல்லாச் சிரிங்க! இனிமே இந்தச் சொளகு முன்னால நான் வந்து ஒக்காந்தா என் பேர மாத்திக் கூப்பிடுங்க!" என்று சொல்லிவிட்டுச் செருப்பை மாட்டிக்கொண்டு வந்துவிட்டாள்.

வந்தது வந்தாயிற்று. அன்புச்செல்வன் போன் செய்ய வேண்டுமே! ஆடி போய் ஆவணி வந்தது, ஐப்பசி மழையும் பெய்து ஓய்ந்தது, ஒரு சத்தத்தையும் காணோம். கடைத்தெருவில் கருத்தம்மா எதிர்ப்பட்டால், "என்ன கைடம்மா, இன்னும் பாஸ்போட்டு வரலியா?" என்பாள். சுருளியம்மாள் அந்தத் தெருவையே விட்டுவிட்டாள். வீட்டுக்குள் மட்டும் அழுதாள். வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்திருக்கலாமே என்று தன்னைத்தானே திட்டிக்கொண்டாள். ஆனால் திரும்பிப்போய் அந்தக் கூடத்தில் உட்காருவதை நினைத்தால் உடம்பு கூசியது.

தை பிறந்து நாலாம் நாள் போன் வந்தது.

"அக்கா, ஜப்பான்லருந்து அஞ்சு லேடீஸ் வர்றாங்க. அவங்க ஊரு தேயிலைக்குப் பேர்போன பழைய ஊராம். அதுல பெரியவங்க பேரு ஹருகோ. அவங்களே அவங்க ஊர்ல முப்பது வருஷமா கைடு. தேயிலைக் கடை, கோயில், தோட்டம்னு அரைநாள்ல சுத்திக் காட்டுறவங்க. நம்ம ஏலக்காய் ஊரை அதே மாதிரி அரைநாள்ல பாக்கணும்ங்கிறாங்க. புடிச்சுப்போச்சுன்னா வருஷா வருஷம் ஆளு அனுப்புவாங்க. எங்ககிட்ட கைடா இருக்க பொண்ணுக்குக் கல்யாணம், லீவு போட்டுருச்சு. இந்த ஒரு தடவ நீங்க பாருங்க. நல்லா வந்தா அப்பறமும் நீங்களே. சொதப்புனா கோவிச்சுக்கக் கூடாது, அந்தப் பொண்ணுதான்."

சுருளியம்மாளுக்குத் தலைகால் புரியவில்லை. அன்றைக்கே நாலு பக்கத் தாள் ஒன்று வந்து சேர்ந்தது. "இதுல இருக்கத மட்டும் சொல்லுங்கக்கா. சொந்தச் சரக்கு வேணாம்" என்று ஒரு எச்சரிக்கையும் கூடவே வந்தது. அதை அடுப்படியில் ஒட்டி வைத்து உருப்போட்டாள். குழம்பு தாளிக்கும்போது 'மசாலாக்களின் அரசி ஏலக்காய்', சோறு வடிக்கும்போது 'மேற்குத் தொடர்ச்சி மலையின் மடியில்'. மூணாம் நாள் அழகுமலை கும்பிட்டுவிட்டான்.

"சுருளி, எனக்கே மனப்பாடம் ஆயிருச்சு. ஒன்னையக் கையெடுத்துக் கும்பிடுறேன், வெறும் சோறா இருந்தாலும் பரவால்ல, சத்தமில்லாமப் போடு."

இன்னொரு காரியம் பாக்கி இருந்தது. தாளில் 'ஏலக்காய் தரம் பிரிக்கும் கூடம்' என்று போட்டிருந்தது. கலீபுல்லாவைத் தவிர யாரும் வெளியாளை உள்ளே விடமாட்டார்கள். ஆறு மாதம் கழித்து அந்த வாசலில் போய் நின்றாள். கலீபுல்லா ஏற இறங்கப் பார்த்தார்.

"கூட்டிட்டு வாம்மா. ஆனா என் ஆளுக சோலி ஒரு நிமிசம் நிக்கக் கூடாது. அம்புட்டுத்தான்."

அந்த நாள் வந்தது. காலை எட்டு மணிக்கு லாட்ஜ் வாசலில் அன்புச்செல்வன் ஐந்து பேருக்கும் மாலை போட்டு, ஆளுக்கொரு சின்ன துணிப்பையில் ஏலக்காய் பரிசாகக் கொடுத்தான். ஹருகோ அம்மாளுக்கு எழுபது இருக்கும். ஒடிசலான உடம்பு, எதையும் விடாமல் பார்க்கிற கண். கூட வந்தவர்களில் நட்சுமி என்கிற பெண் சென்னையில் நாலு வருஷம் வேலை பார்த்தவள், தமிழ் பேசினாள். "வணக்கம் அக்கா, இன்றைக்கு நீங்கள்தான் எங்களுக்கு எல்லாம்" என்றாள். சுருளியம்மாள் கையிலிருந்த தாளை இன்னொரு தடவை பிரித்துப் பார்த்துக்கொண்டாள்.

அழகுமலையின் ஜீப்பு குரங்கணிக்கு மேலே ஏறியது. சுருளியம்மாள் தாளில் இருந்ததை வரி பிசகாமல் ஒப்பித்தாள். நட்சுமி மாற்றிச் சொன்னாள். வந்தவர்கள் மரியாதையாகத் தலையாட்டினார்கள். ரெண்டாம் பக்கம் முடியும்போது ஒருத்தி போனை எடுத்துவிட்டாள். மூணாம் பக்கத்தில் ஹருகோ அம்மாள் கண்ணை மூடிவிட்டாள்.

ஒரு தோட்டத்தில் இறங்கினார்கள். காப்பிச் செடிக்கு நடுவே ஏலம் நெடுநெடுவென்று நின்றது. இங்கே சொல்ல வேண்டியதை மதுரையில் யாரோ எழுதியிருந்தார்கள்: 'உயர்ந்த மரங்களின் உச்சிக் கிளைகளில் காய்த்துக் குலுங்கும் ஏலக்காய்.' ஏலக்காய் வேர்ப்பக்கத்தில், தரையோடு தரையாகச் சரத்தில் காய்க்கிறது. அது அவளுக்குத் தெரியாதா? குனிந்து எடுத்து எடுத்து இடுப்பு ஒடிந்த அவள் ஆத்தாளைக் கேட்டால் தெரியும். ஆனாலும் அன்புச்செல்வன் பக்கத்தில் நின்றான். பல்லைக் கடித்துக்கொண்டு உச்சிக் கிளை என்றே சொன்னாள். ஹருகோ அம்மாள் மேலே பார்த்தாள். அப்புறம் தன் காலடியில் கிடந்த பச்சைச் சரத்தைப் பார்த்தாள். திரும்பச் சுருளியம்மாளைப் பார்த்தாள். சுருளியம்மாளுக்குப் பூமி பிளந்து உள்ளே போய்விடலாமா என்றிருந்தது.

கீழே இறங்கும்போது ஜீப்பில் அழகுமலை ஓரக்கண்ணால் பார்த்து, "என்னடி, ஒப்பாரி வைக்கிற மாதிரி இருக்கு ஒன் கத" என்று முணுமுணுத்தான். எல்லாம் முடிந்தது என்றே அவளும் நினைத்தாள்.

பதினொரு மணிக்குக் கிட்டங்கி. நாற்பது பெண்கள் வரிசையாக உட்கார்ந்து சொளகில் காய் தள்ளிக்கொண்டிருந்தார்கள். ஏலக்காய் வாசம் முகத்தில் அடித்தது. கருத்தம்மா நிமிர்ந்து பார்த்தாள், பக்கத்தில் இருந்தவளை இடித்தாள். சுருளியம்மாள் தொண்டையைச் செருமிக்கொண்டு நாலாம் பக்கத்தை ஆரம்பித்தாள்.

"மசாலாக்களின் அரசி என்று அழைக்கப்படும் ஏலக்காய்..."

ஹருகோ அம்மாள் கையை உயர்த்தினாள். தன் துணிப்பையைக் காட்டி ஏதோ கேட்டாள். "இந்தப் பையில் இருப்பதும் இதே காய்தானா என்று கேட்கிறார்கள்" என்றாள் நட்சுமி.

"கொண்டாங்க இப்பிடி, காட்டுறேன்" என்று வாங்கி, கருத்தம்மாவுக்குப் பக்கத்தில் காலியாகக் கிடந்த சொளகில் கொட்டினாள். குத்தவைத்து உட்கார்ந்தாள். நட்சுமியின் முகத்தைப் பார்த்தபடி, விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தாள். "...ஏலக்காய், நமது நாட்டின் பெருமை. உலகெங்கும் உள்ள மக்கள்..." வாய் தாளை ஒப்பித்தது. கண் நட்சுமியிடம் இருந்தது. கை என்ன செய்கிறது என்று அவள் பார்க்கவில்லை. எப்போதுதான் பார்த்திருக்கிறாள்?

நாற்பது சொளகின் சரசரப்பு நின்றதும்தான் சுருளியம்மாளுக்கு உறைத்தது. குனிந்தாள். சொளகில் நாலு குவியல் இருந்தது. வெளுத்தது ஒரு கை. வெடித்தது ஒரு கை. பூச்சி அடித்தது அரைக் கை. பச்சைக் காய் என்று பார்த்தால் பதினொன்று.

வெளிநாட்டு விருந்தாளிக்கு மாலை போட்டுக் கொடுத்த பரிசு! கழிசல் காய் என்று ஊருக்கே பிரித்துக் காட்டிவிட்டாள். அன்புச்செல்வன் முகத்தில் ஈயாடவில்லை. "அக்கா!" என்றான் பல்லிடுக்கில். கலீபுல்லா அவசரமாக முன்னால் வந்து, "இது நம்ம கிட்டங்கிச் சரக்கு இல்ல, அல்லா மேல ஆணை!" என்றார்.

இனி மறைத்து என்ன ஆகப்போகிறது? சுருளியம்மாளுக்கு எங்கிருந்தோ கோபம் பொத்துக்கொண்டு வந்தது. தாளை மடித்து இடுப்பில் செருகினாள்.

"தாயி, அந்த அம்மாகிட்ட நான் சொல்றத அப்பிடியே சொல்லு. இது நல்ல காயி இல்ல. பையில போட்டுக் குடுத்தது எங்க தப்பு, மன்னிச்சுக்கங்க. அப்பறம், காலையில நான் சொன்ன உச்சிக் கிளையும் பொய்யி. ஏலம் மண்ணுலதான் காய்க்கும். எங்க ஆத்தா மண்ணுல மண்டி போட்டுத்தான் எடுத்தா. அவ எடுத்தத இருவத்தாறு வருசமா இங்கன ஒக்காந்து பொறுக்குனது நானு. எனக்குத் தெரிஞ்சது இதுதான்."

நட்சுமி சொல்லி முடித்தாள். ஹருகோ அம்மாள் ஒரு நிமிஷம் அந்த நாலு குவியலையே பார்த்தாள். பிறகு செருப்பைக் கழற்றிவிட்டு, சுருளியம்மாளுக்கு எதிரே தரையில் உட்கார்ந்தாள். மெதுவாகப் பேசினாள். நட்சுமி அதைத் தமிழில் சொன்னாள்.

"எங்கள் ஊரிலும் காய்ந்த தேயிலையில் காம்பு பொறுக்கியது பெண்கள்தானாம். இவருடைய அம்மாவும் பொறுக்கினாராம். முப்பது வருஷமாக வருகிறவர்களுக்குக் கோயிலைக் காட்டினேன், தேநீர்க் கிண்ணத்தைக் காட்டினேன், பொறுக்கிய அந்தக் கையை ஒரு நாளும் காட்டவில்லை என்கிறார். அக்கா, தனக்கும் பொறுக்கச் சொல்லிக்கொடுங்கள் என்கிறார்."

அப்புறம் பார்க்க வேண்டுமே! ஐந்து பேரும் தரையில் உட்கார்ந்துவிட்டார்கள். சுருளியம்மாளின் வாய்க்குப் பூட்டு கழன்றுவிட்டது. எந்தக் காய் மழையில் காய்ந்தது, எது அவசரத்தில் எடுத்த பிஞ்சு, மோந்து பார்த்து எப்படிச் சொல்வது, கூடத்தில் யார் யாரைச் சம்பந்தி ஆக்கினது எல்லாம் வந்தது. "ஏ ஆத்தா, அது வெடிப்பு! அங்கிட்டு ஏன் போடுற, இங்கிட்டுத் தள்ளு!" என்று ஹருகோ அம்மாளின் கையிலேயே செல்லமாக ஒரு தட்டு தட்டினாள். கிழவி விழுந்து விழுந்து சிரித்தாள். கருத்தம்மாவுக்குப் பொறுக்கவில்லை. "எங்கிட்டயும் ரெண்டு பேர அனுப்புடி, நீயே வச்சுக்கிருவியோ?" என்று சொளகை நகர்த்தி இடம் விட்டாள்.

அன்புச்செல்வன் கடிகாரத்தைப் பார்த்தான். அடுத்துக் காட்ட வேண்டிய அரண்மனை போயிற்று, ஏலக்காயை ஏலம் விடுகிற மையம் போயிற்று, லாட்ஜில் சொல்லி வைத்த சாப்பாடு ஆறிக்கொண்டிருந்தது. கலீபுல்லாவோ சோலி நிற்கக் கூடாது என்று தான் சொன்னதையே மறந்துவிட்டு எல்லோருக்கும் டீ சொன்னார்.

ஒன்றரை மணிக்கு ஹருகோ அம்மாள் முழங்காலைப் பிடித்துக்கொண்டு எழுந்தாள். அன்புச்செல்வனை நேராகப் பார்த்துப் பேசினாள். நட்சுமி கொஞ்சம் தயங்கித்தான் சொன்னாள்.

"காலையில் நடந்தது மோசம் என்கிறார். ஜீப்பில் தூங்கிவிட்டாராம். இந்தக் கூடத்தில் நடந்தது அவர் பார்த்த சுற்றுலாவிலேயே நல்லது என்கிறார். ஆட்களை அனுப்புவார். ஆனால் அக்கா கூட்டிப்போனால் மட்டும்தான். வேறு யார் என்றாலும் வரமாட்டார்களாம்."

அன்புச்செல்வன் சுருளியம்மாள் பக்கம் திரும்பினான். "அக்கா... அடுத்த மாசமே பத்துப் பேரு வர்றாங்க போல. எங்கருந்து ஆரம்பிக்கலாம், நீங்களே சொல்லுங்க" என்றான்.

"பரிசுப் பையில இருந்து ஆரம்பிப்போம் தம்பி" என்றாள் சுருளியம்மாள். "அதுக்குக் காயி நான்தான் பொறுக்குவேன். அப்பறம் அந்த உச்சிக் கிளைய எழுதுனவர ஒருநா மலைக்குக் கூட்டிட்டு வாங்க, நான் காட்டுறேன்."

கூடம் குலுங்கியது. இந்தச் சிரிப்பு வேறு சிரிப்பு. ஜீப்பில் ஐந்து பேரும் ஏறிக்கொண்டார்கள், அழகுமலை ஹாரன் அடித்தான். சுருளியம்மாள் வாசலைத் தாண்டும்போது கலீபுல்லா குறுக்கே வந்து நின்றார்.

"ஏம்மா சுருளி, இனி கிட்டங்கிப் பக்கம் வருவியா, மாட்டியா?"

"வர்றேன் முதலாளி" என்றாள். கண்ணில் தண்ணீர் முட்டிக்கொண்டு நின்றது, ஆனால் குரல் கூடத்தின் கடைசிச் சொளகு வரைக்கும் கேட்டது. "அடுத்த மாசம் வர்றேன். பத்துப் பேரக் கூட்டிக்கிட்டு வர்றேன். கருத்தம்மாவ நல்ல சேலை கட்டிட்டு வரச் சொல்லுங்க!"