சட்டசபை வாசற்படியில் எடுத்த படம்

வியாழக்கிழமை காலை கடை வாசலில் மரக்கறிப் பெட்டிகளை இறக்கிக்கொண்டிருந்தேன். குலசேகரம் ஐயாவின் மகள் வதனி போன் எடுத்தார். "அண்ணை, அப்பா விடிய எழும்பேல்லை." அவ்வளவுதான் சொன்னார். கையிலிருந்த வெண்டிக்காய்ப் பெட்டி நழுவி நடைபாதை முழுக்கச் சிதறியது. தொண்ணூற்றாறு வயதுக்காரர் மறைந்ததில் அதிர என்ன இருக்கிறது என்று கேட்பீர்கள். நான்கு நாட்களுக்கு முன் அவர் என்னிடம் ஒரு கேள்வி கேட்டிருந்தார். நான் பதில் சொல்லவில்லை.

அவரை அறியாதவர்களுக்காகச் சொல்கிறேன். மலாயாப் பக்கத்துத் துறைமுகப் பட்டினம் ஒன்றில், வெள்ளைக்காரர் ஆண்ட காலத்தில், தொழிற்சங்கத்திலிருந்து சட்டசபைக்குப் போனவர் ஐயா. வயது இருபத்தாறு, தொழிலாளர் கட்சி, எதிரணி வாங்கில் இடம். மூட்டை சுமப்பவர்களின் கொட்டகைக்கு ஏன் தண்ணீர்க் குழாய் இல்லை என்பதே அவருடைய முதல் கேள்வி. "கவனிக்கப்படும்" என்றார் ஆளுநரின் அதிகாரி. "எப்போது?" என்றார் ஐயா. ஒவ்வொரு அமர்விலும் எழுந்து அதையே கேட்டாராம். கடைசியில் குழாய் வந்தது.

பிறகு தேர்தலில் தோற்று, லண்டனுக்கு வந்து, தபால் கந்தோரில் வேலை செய்து ஓய்வுபெற்றார். ஈஸ்ட்ஹாமில் எங்கள் தமிழ்ச் சங்கத்துக்கு நான் தலைவர். கூட்டங்களில் ஐயா கேட்பவற்றுக்கெல்லாம் "பார்ப்பம் ஐயா" என்பது என் வழக்கமான பதில். "எப்ப?" என்று உடனே வரும். "ஐயா, இது சட்டசபை இல்லை, இடியப்பக் கமிட்டி!" என்று கத்தியும் இருக்கிறேன். சிரிப்பார், கேள்வியை விடமாட்டார். கூட்டம் முடியும்வரை கதிரையை விட்டு எழும்பவும் மாட்டார். தேத்தண்ணியை அங்கேயே கொண்டுபோய்க் கொடுக்கவேண்டும். கிழவரின் பிடிவாதம் என்று நினைத்தோம்.

கடந்த ஞாயிறு ஒரு தீர்மானம் வந்தது. சங்க மண்டபச் சமையலறையில் பன்னிரண்டு வருடமாக வேலை செய்யும் இரண்டு பெண்களை நிறுத்திவிட்டு, வெளியில் சாப்பாடு எடுப்பது. ஐயா எதிர்ப்பார் என்று எல்லோருக்கும் தெரியும். போன் செய்தார். "தம்பி, பஸ் நடுவழியில நிக்குது. பத்து நிமிசம் பொறுங்கோ." "ஓம் ஐயா" என்றேன். பொறுக்கவில்லை. எனக்குக் கடைக்குப் போகும் அவசரம். அவர் வந்தால் ஒரு மணித்தியாலம் பேசுவார். கை உயர்த்தச் சொன்னேன், என் கையையும் உயர்த்தினேன். ஒரே ஒரு வாக்கால் நிறைவேறியது. சமமாக வந்திருந்தால் தீர்மானம் விழுந்திருக்கும்.

ஐயா நனைந்துகொண்டு வந்தார். "முடிஞ்சுதோ?"

"முடிஞ்சுது ஐயா."

ஏசுவார் என்று பார்த்தேன். தன்னை வீட்டில் விடமுடியுமா என்று மட்டும் கேட்டார். ஃபாரஸ்ட் கேட்டில் அவருடைய வீட்டுக்குக் காரில் கொண்டுபோய் விட்டேன். முன்னறையில் பெரிதாக ஒரு படம் தொங்கும். சட்டசபை வாசற்படியில் வெள்ளைக் கோட்டுடன் இளம் ஐயா. வந்தவர்கள் எல்லோரும் புகழ்ந்த படம். அதைக் காட்டினார்.

"வடிவாயிருக்கு எண்டுதான் எல்லாரும் சொல்லுவினம். இதை எடுக்கேக்க உள்ளுக்கு வாக்கெடுப்பு, தம்பி. வேலைநிறுத்தம் செய்தால் விசாரணை இல்லாமல் வேலையால நிப்பாட்டலாம் எண்ட சட்டம். மணி அடிச்சது கேட்டது. பத்திரிகைக்காரன் 'இன்னும் ஒண்டு' எண்டான். நிண்டன். ஒரு வாக்கால தோத்தம். அந்தக் கிழமையே எங்கட ஆக்களுக்கு வேலை போச்சு. மறக்கக்கூடாதெண்டுதான் மாட்டி வச்சிருக்கிறன்."

பெருமைக்கு மாட்டியது என்றல்லவா இவ்வளவு காலமும் நினைத்திருந்தேன்!

"எனக்குத் திருப்பிக் கூட்டத்தைக் கூப்பிட்டு வாக்கெடுக்க வழி இருக்கேல்லை. உங்களுக்கு இருக்கு" என்றார்.

"கூப்பிடுவம் ஐயா."

"எப்ப?"

"பார்ப்பம்" என்று முணுமுணுத்துவிட்டுக் காருக்கு ஓடினேன். வெட்கக்கேடு.

அஞ்சலிப் பிரசுரத்துக்கு அந்தப் படத்தையே போடலாம் என்றது கமிட்டி. வேண்டாம் என்றேன். காரணத்தைச் சொன்னேன். போன் வந்ததையும் நான் பொறுக்காததையும் சேர்த்தே சொன்னேன். வதனி பஸ் பாஸில் இருந்த சின்னப் படத்தைத் தந்தார். அதுதான் அச்சாகியிருக்கிறது. கேள்வி கேட்டுவிட்டுப் பதிலுக்குக் காத்திருப்பவர் மாதிரியே அதில் ஐயா பார்க்கிறார். இம்முறை என் கை அவருடைய பக்கம் உயரும்.

போயிட்டு வாங்கோ, ஐயா. கூட்டம் வாற ஞாயிறு, பின்னேரம் நாலு மணிக்கு.