ரூமுக்கு ஒரு ஐடி

கேம் சென்டர் வெச்சிருக்கிறவங்களை இந்த ஊர்ல ரெண்டே ரெண்டு கூட்டம்தான் திட்டும்: பசங்களைப் பெத்தவங்க, ஆடித் தோத்த பசங்க. கும்மிடிப்பூண்டி பஜார்ல ஒரு டயர் கடைக்கு மேல, மாடியில எட்டு கம்ப்யூட்டரைப் போட்டுக்கினு நான் ரெண்டு பக்கமும் வாங்கிக் கட்டிக்கினு இருக்கேன். நீங்க கேஸ் ஏஜென்சியோ, ரீசார்ஜ் கடையோ, எந்தக் கவுண்டருக்குப் பின்னாடி உக்காந்திருந்தாலும் சரி, நீங்க செய்யாத தப்புக்கு உங்க மூஞ்சியைப் பாத்து எவனாவது கத்தியிருப்பான். அப்ப நீங்களும் நம்ம கட்சிதான்.

என் கவுண்டர்ல அந்தத் தப்புக்குப் பேரு பிளேஸ்மென்ட் மேட்ச். புது சீசன் ஆரம்பிச்சா கேம்காரன் எல்லாரோட ரேங்கையும் புடுங்கிக்குவான். மறுபடி பத்து மேட்ச் ஆடணும். பத்தும் முடியிற வரைக்கும் ரேங்க் இருக்க வேண்டிய இடத்துல வெறும் கோடுதான் இருக்கும். முடிஞ்சதும் அயன், ப்ரான்ஸ், சில்வர், கோல்டுன்னு கீழேர்ந்து மேல ஏதோ ஒரு படியில உக்கார வெப்பான். எந்தப் படியில உக்கார வெச்சாலும் நேரா எங்கிட்ட வந்துதான் சண்டை.

இந்த சீசன்ல குணான்னு ஒரு பையன் விஷயத்துல எனக்கு வயிறு எரிஞ்சு போச்சு. அதைச் சொல்லத்தான் ஆரம்பிச்சேன். ஆனா எடுத்த எடுப்புல அதுக்குப் போனா புரியாது. சில்லறையா ரெண்டு சங்கதி முதல்ல.

*சூப்பர்வைசர் வந்தாரு*

காக்களூர்ல ஏதோ கம்பெனியில சூப்பர்வைசராம். இங்க மச்சான் ஊட்டுக்கு வந்தவரு, பொழுது போகாம நம்ம மாடி ஏறிட்டாரு. இஸ்திரி போட்ட சட்டை, பாக்கெட்டுல ரெண்டு பேனா. கவுண்டர்ல கையை ஊணிக்கினு, "மேடம், நல்லதா ஒரு கோல்டு ரேங்க் போட்டுக் குடுங்க"ன்னாரு, என்னமோ ஜாதகம் பிரிண்ட் எடுக்க வந்தா மாதிரி. சார், நான் குடுக்கிறது இல்ல, நீங்க பத்து ஆடணும், யாரை ஜெயிக்கிறீங்க, யார்கிட்ட தோக்கிறீங்கன்னு பாத்து கேமே குடுக்கும்னேன். அவருக்குப் புடிக்கல. ஆனாலும் மச்சான் பையன் ரேங்க் மேட்ச் ஆடாம லெவல் மட்டும் ஏத்தி வெச்சிருந்த ஐடியைத் திறந்துக்கினு உக்காந்தாரு.

அந்த மாதிரி ஐடியைப் பத்தி கேமுக்கு ஒண்ணுமே தெரியாது. அதனால ஆரம்பத்துல ஒவ்வொரு மேட்சுக்கும் சரசரன்னு ஏத்தும், சரசரன்னு இறக்கும். போகப் போகத்தான் நிதானத்துக்கு வரும். மனுஷன் முதல் மேட்ச்லேர்ந்தே தோத்துக்கினே போனாரு, அதுவும் இறக்கிக்கினே போச்சு. மறுநாளும் வந்து பத்தையும் முடிச்சாரு. அயன், அதுலயும் அடிமட்டம். பாக்கெட்டுல பேனாவைச் சரி பண்ணிக்கினாரு. அப்புறம் ரொம்ப மரியாதையா கேட்டாரு: "ஏன் மேடம், நான் ஆளுங்களை வேலை வாங்கறவன்னு இதுக்குத் தெரியாதா?"

*மூணாம் நம்பர் சீட்டு*

போன சீசன்ல எவனோ ஒருத்தன் மூணாம் நம்பர் கம்ப்யூட்டர்ல உக்காந்து பிளேஸ்மென்ட் ஆடி பெரிய ரேங்க் வாங்கிட்டான். அவ்ளோதான், அன்னிலேர்ந்து மூணுக்கு அடிதடி. மத்த ஏழும் ஈ ஓட்டும், மூணுக்கு மட்டும் லைன் நிக்கும். அந்த லைன்ல முதல் ஆளு தமீம். பழவேற்காட்டுக்காரன். அவங்க ஊட்ல எல்லாரும் மொத்த யாவாரம். இவன் மட்டும் யாவாரமே பேஜாருன்னு இங்க இண்டஸ்ட்ரியல் எஸ்டேட்டுல கம்பெனி வேலைக்கு வந்தவன். தங்கமான பையன், ஆனா கேம்ல துப்பாக்கியைக் கையில குடுத்தா எதிரியை விட்டுட்டு சுவத்தைச் சுடுவான்.

கேமுக்கு சீட்டும் தெரியாது, நீ எந்த மூலையில உக்காந்திருக்கேன்னும் தெரியாது, அதுக்கு நீ லாகின் பண்ற ஐடி ஒண்ணுதான் தெரியும்னு தொண்டை கிழிய சொன்னேன். எவன் கேட்டான்? ஒரு நாள் கோவத்துல எட்டு கம்ப்யூட்டர்லயும் ஒட்டியிருந்த நம்பரை எல்லாம் கிழிச்சுப் போட்டுட்டேன். அன்னிக்கும் தமீம் தோத்தான். எழுந்து வந்து அழாத குறையா நின்னான்: "நம்பரைக் கிழிச்சிட்டீங்களேக்கா, இனிமே நான் எதுமேல பழி போடுறது?"

*பாய் ஒண்ணு, ஐடியும் ஒண்ணு*

குணா, தமீமோட ரூம் மேட். ஊரு ஆர்.கே.பேட்டை பக்கம். ரெண்டு பேரும் வேற வேற கம்பெனி, வேற வேற ஷிப்ட். ரூம்ல ஒரு பாய், ஒரு அடுப்பு, ஒரு பக்கெட். ஒருத்தன் எழுந்து வேலைக்குப் போவான், இன்னொருத்தன் வேலை முடிஞ்சு வந்து அதே பாயில படுப்பான். அந்தப் பாய் சூடு ஆறி நான் பாத்ததில்லைன்னு ஹவுஸ் ஓனரே சொல்லுவாரு. எஸ்டேட் பசங்க பாதிப் பேரு இப்படித்தான். கேம் ஐடியும் அப்படியே. ஆட ஆடத்தான் புதுப்புது கேரக்டர், புது துப்பாக்கி எல்லாம் திறக்கும். ஒருத்தன் மெஷின்கிட்ட நிக்கும்போது இன்னொருத்தன் ஆடினா சீக்கிரம் திறக்கும் இல்ல? அதனால ரூமுக்கு ஒரு ஐடி.

ஆனா குணா கை வேற கை. அவன் ஆடும்போது மத்தவங்க ஆட்டத்தை நிறுத்திட்டு வந்து பின்னாடி நிப்பாங்க. இந்த சீசன் ஆரம்பத்துல சென்னையில ஒரு டீம் சொல்லிச்சு: கோல்டோ அதுக்கு மேலயோ இருக்கிறவங்க டிரையலுக்கு வரலாம், தேறினா தங்க இடம், சாப்பாடு, சம்பளம், வேலையே ஆடறதுதான். குணா கம்பெனியில அஞ்சு வருஷமா கான்ட்ராக்ட். நல்லா வேலை பாக்கிறான்னு எல்லாரும் சொல்லுவாங்க, பெர்மனென்ட் மட்டும் பண்ண மாட்டாங்க. டிரையலுக்கு இன்னும் மூணு வாரம். கோல்டு வேணும். கவுண்டர்ல வந்து நின்னு எங்கிட்ட சொன்னான்: "அக்கா, இந்த வேலைக்கு நீதான்டா சரியான ஆளுன்னு யாராவது ஒருத்தர் ஒரு வாட்டி சொல்லிட்டா போதும்க்கா, அப்புறம் நான் எஸ்டேட் பக்கம் திரும்பிக்கூட பாக்க மாட்டேன்."

*எட்டு ஜெயிச்சும் சில்வர்*

பத்துல எட்டு ஜெயிச்சான். கடைசி மேட்ச் முடிஞ்சதும் கடையில இருந்த எல்லாரும் அவன் முதுகுக்குப் பின்னாடிதான். கோடு மறைஞ்சுது, ரேங்க் வந்துச்சு. சில்வர். கோல்டுக்கு ஒரு படி கீழ. பக்கத்து சீட்டுல அஞ்சே அஞ்சு ஜெயிச்ச ஒருத்தனுக்கு அதே நாள் கோல்டு வந்திருந்துச்சு. எல்லாரும் திரும்பி என்னைப் பாத்தாங்க. நான் என்னமோ உள்ள பூந்து மாத்தி வெச்சா மாதிரி.

சொல்லிப் புரிய வெச்சேன். கேமுக்குள்ள ஒவ்வொரு ஐடிக்கும் ஒரு நம்பர் இருக்கு, அதை நம்ம கண்ணுல காட்டவே மாட்டான். புது சீசன் வந்தா ரேங்கைத்தான் புடுங்குவான், அந்த உள் நம்பரை அழிக்க மாட்டான். கொஞ்சம் நடுவாக்குல இழுத்து விட்டுட்டு, அங்கேர்ந்துதான் ஆரம்பிப்பான். போன சீசன் பூரா குணா ஏத்தினதை தமீம் இறக்கியிருக்கான். நம்பர் கம்மியா இருந்ததால எதிர்ல வந்தவனுங்களும் சுமாரான ஆளுங்க. சுமாரான ஆளை எட்டு தபா ஜெயிச்சாலும் கொஞ்சமாத்தான் ஏறும். அந்தப் பக்கத்து சீட்டுக்காரன் கெட்டிக்காரனுங்களோட மோதி அஞ்சு ஜெயிச்சவன்.

அப்ப புது ஐடி போடவான்னு கேட்டான். புது ஐடியை நேரா ரேங்க் மேட்சுல உட மாட்டான், சாதா மேட்ச் நிறைய ஆடி லெவல் ஏத்தணும், ஷிப்ட் பாத்துக்கினு மூணு வாரத்துல முடியிற காரியமில்லன்னேன். தமீம் தலையைக் குனிஞ்சுக்கினு நின்னான். குணா அவனை ஒரு வார்த்தை சொல்லல. கோவம் எல்லாம் ஸ்கிரீன் மேலதான்: "பழசை எல்லாம் மறந்துட்டு ஒரே ஒரு தபா என்னைப் புதுசா பாத்தா இன்னாக்கா இதுக்குக் கேடு?"

*கோல்டு*

ஒரு நல்லது இருந்துச்சு. பிளேஸ்மென்ட்ல எட்டு ஜெயிச்சதால உள் நம்பர் கொஞ்சம் ஏறியிருந்துச்சு, கேம்காரன் வெளிய காட்டுற ரேங்கை எப்பவும் அதுக்கும் கீழதான் வெப்பான். அந்த மாதிரி நேரத்துல ஜெயிச்சா நிறைய குடுப்பான், தோத்தா கம்மியா எடுப்பான். அதை நம்பி குணா வேலை முடிஞ்ச கையோட நேரா இங்க வந்து உக்காந்தான். தமீம் இனிமே இந்த ஐடியைத் தொட மாட்டேன்னு சத்தியம் பண்ணிட்டு, பின்னாடி ஸ்டூல் போட்டு உக்காந்துகினு டீயும் நாஷ்டாவும் வாங்கியாந்து குடுத்தான். சும்மா சொல்லக்கூடாது, மவுஸ் பக்கம் கையே போகல. சுவத்துக்கு நல்ல காலம்.

கடைசி ரெண்டு நாள் குணா வேலைக்கே போகல. லீவு கேட்டிருக்கான், கான்ட்ராக்டர் இல்லைன்னுட்டான், இவன் அப்படியே நின்னுட்டான். வேலை போயிடும்டான்னு நான் கத்தினதைக் காதுலயே வாங்கல. ஆனா ரெண்டாவது நாள் சாயங்காலம் கோல்டு வந்துடுச்சு! பசங்க போட்ட கூச்சல்ல கட்டடமே ஆடுச்சு. தமீம் ஸ்டூலைத் தூக்கி தலைக்கு மேல சுத்தினான். எனக்கும் கண்ணுல தண்ணி வந்துடுச்சு, எதுக்கு மறைக்கணும்? கீழேர்ந்து டயர் கடைக்காரரு மூச்சு வாங்கிக்கினு ஏறி வந்தாரு: "இன்னாம்மா, மேல யாருக்காவது கொழந்தை பொறந்துச்சா?"

*டிரையல்*

மறுநாள் காலையில ரயிலைப் புடிச்சு குணா சென்னைக்குப் போனான். நல்லாத்தான் ஆடியிருக்கான். அங்க இருந்தவங்களே கை தட்டியிருக்காங்க. டீம் மேனேஜர் தோள்ல தட்டிக் குடுத்துட்டு, பேரை எழுதறதுக்கு முன்னாடி ஐடியோட பழைய மேட்சை எல்லாம் திறந்து பாத்தாராம். ஒரு நாள் விடாம, காலையில, மத்தியானம், ராத்திரின்னு மேட்ச் ஓடியிருக்கு. காலையில புலி மாதிரி ஆட்டம், சாயங்காலம் சுவத்தைச் சுடுற ஆட்டம். அடுத்த வாரம் பாத்தா சாயங்காலம் புலி, காலையில சுவரு.

ஒரு ஐடியை ஒருத்தர்தான் ஆடணும்னு ரூல். ரெண்டு பேர் ஆடின ஐடியை டீம்ல சேத்தா போட்டியிலேர்ந்து டீமையே தூக்கிடுவாங்களாம். ரூல் ரூல்தான், ஒத்துக்கிறேன். எல்லாரும் ராவுல தூங்கி காலையில எழுந்திருக்கிற ஊருக்குப் போட்ட ரூல். ஒரே பாயில மாத்தி மாத்திப் படுக்கிறவனுக்கு ஐடியை மாத்தி மாத்தி ஆடறது திருட்டுன்னு எப்படித் தோணும், சொல்லுங்க? சொந்த ஐடியில ஆடிட்டு அடுத்த சீசன் வான்னு அனுப்பிட்டாங்க. மேனேஜர் கெட்டவரு இல்லையாம், சிரிச்சுக்கினேதான் கேட்டாராம்: "தம்பி, உங்க ஐடி எப்பதாம்பா தூங்கும்?"

*கேட்டுல*

திரும்பி வந்து கம்பெனி கேட்டுக்குப் போனா, லீவு இல்லாம நின்னவன் பேரை கான்ட்ராக்டர் லிஸ்ட்லேர்ந்து எடுத்துட்டான். வேலை இல்லைன்னு சொல்லல. புது ஆளா சேந்துக்கோன்னு சொன்னான். புது கேட் பாஸ், புது நம்பர், மறுபடி டிரெய்னி. இது குணாவுக்கு முதல் தபா இல்ல. இந்த அஞ்சு வருஷத்துல அவன் லீவே போடாத போதும், நடுவுல நடுவுல பேரை எடுத்துட்டு புதுசா சேத்திருக்காங்க. சர்வீஸ் சேந்துடக் கூடாது இல்ல, சேந்துட்டா பெர்மனென்ட் கேப்பான். அஞ்சு வருஷமா அவன் ஓட்டின அதே மெஷின்ல இப்ப பக்கத்துல நின்னு வேலை கத்துக்கணும். சொல்லிக் குடுக்கப் போட்ட ஆளு யாருன்னா, போன வருஷம் குணாகிட்ட வேலை கத்துக்கினவன். அவன் கூச்சப்பட்டுக்கினு, "அண்ணே, இந்த பட்டனை அமுக்கணும்ணே"ன்னு சொன்னானாம். குணா அமுக்கினானாம்.

முதல் நாள் முடிஞ்சு சாயங்காலம் கடைக்கு வந்தான். கழுத்துல புது பாஸு தொங்குது. ஆட உக்காரல, கவுண்டர்கிட்டயே நின்னான். நான் கேமைத் திட்டினேன், டீமைத் திட்டினேன், கான்ட்ராக்டரைத் திட்டக்கூடாத வார்த்தையில திட்டினேன். சொந்தமா ஒரு ஐடி போடுடா, இன்னிலேர்ந்தே ஆரம்பி, அடுத்த சீசன் பாத்துக்கலாம்னேன். அவன் எல்லாத்தையும் கேட்டுக்கினு பாஸைக் கழட்டி பாக்கெட்ல வெச்சான். அப்புறம் சொன்னான்: "கேமு மேல கோவப்பட்டது தப்புக்கா. அது நான் தோத்ததையும் ஞாபகம் வெச்சிருந்துச்சு, ஜெயிச்சதையும் ஞாபகம் வெச்சிருந்துச்சு. கம்பெனியில நான் அஞ்சு வருஷம் ஆடினேன், ஒரு மேட்ச் கூட யாரும் ஞாபகம் வெச்சுக்கலையே."

பிளேஸ்மென்ட் எப்படி வேலை செய்யுதுன்னு யாரு வந்து கேட்டாலும் மூச்சைப் புடிச்சுக்கினு இன்னிக்கும் சொல்றேன், எஸ்டேட்டுல அது எப்படி வேலை செய்யுதுன்னு மட்டும் தயவுசெஞ்சு எங்கிட்ட வந்து கேக்காதீங்க.