ஓம் என்றதும் தரையில் உட்கார்ந்தவர்

எனக்கு எழுத்து அவ்வளவு வராது, மறதியும் கூட. பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

இத்தாலியில், பலேர்மோ நகரின் பொலிதேயாமா அரங்குப் பக்கம் நான் துப்புரவு வேலை செய்த வீட்டில் ஓர் அமெரிக்கர் வாடகைக்கு இருந்தார். நெட்டையான மனிதர். தன் நாட்டுப் பத்திரிகைக்குச் சிரிப்புக் கட்டுரை எழுதுவது அவர் தொழில். எழுதியதை அரைகுறை இத்தாலியனில் எனக்கு வாசித்துக் காட்டுவார். நான் சிரித்தால்தான் அனுப்புவார். நானோ அந்த மாதம் எதற்கும் சிரிக்கவில்லை. அவர் முகம் வாடிப்போயிருந்தது.

ஒருநாள் அவர் வாசித்தது, தொலைந்த காலுறையைத் தேடி ஒருவர் சலவை மெஷினுக்குள் தலையை விட்ட கதை. அதில் சிரிக்க என்ன இருக்கிறது? எனக்கு அது வாராவாரம் நடப்பது.

"விளங்குதோ, சிஞ்ஞோரா?" என்றார், அம்மா என்று மரியாதையாக.

கூச்சத்தில், ஆமாம் என்பதற்கான இத்தாலியன் 'ஸி' வாயில் வராமல், "ஓம், ஓம்" என்றுவிட்டேன்.

உடனே அவர் தரையில் சம்மணமிட்டு, கண்ணை மூடி, "ஓம்ம்ம்" என்று இழுத்தார்.

"ஐயோ, எழும்புங்கோ! இப்பதானே நிலம் துடைச்சனான்!"

"மந்திரத்தை நிப்பாட்டாதேங்கோ, சிஞ்ஞோரா."

"மந்திரமோ? ஓம் எண்டால் எங்கடை பாசையிலை 'ஸி' தான்!"

சொல்லும்போதே எனக்குச் சிரிப்பு வெடித்துவிட்டது. அவர் ஈரக் காற்சட்டையோடு துள்ளி எழுந்து, "சிரிச்சிட்டீங்கள்!" என்று கத்தி, அந்தக் காலுறைக் கதையை அப்போதே அனுப்பிவிட்டார்.

நான் சிரித்தது கதைக்கில்லை என்று சொல்ல வாய் வரவில்லை. அவர் முகத்தில் அவ்வளவு சந்தோஷம். அந்தக் கட்டுரை அச்சில் வந்ததா, அங்கே ஒருவராவது சிரித்தாரா என்று ஆங்கிலம் தெரிந்தவர்கள் பார்த்துச் சொல்லுங்கள்.