குளியலறை மட்டும் எங்களுடையது

எங்கள் வீட்டில் முதன்முதலாக எங்களுக்குச் சொந்தமானது சமையலறை. அது முழுதாகக் கைக்கு வந்து சேரப் பன்னிரண்டு மாதம் பிடித்தது. கையை விட்டுப் போக ஒரே ஒரு காகிதம் போதுமானதாக இருந்தது.

அப்பா அரசு பஸ்ஸில் கண்டக்டர். பெரம்பலூருக்கும் அரியலூருக்கும் நாளொன்றுக்கு நான்கு நடை போய்வருவார். சொந்த வீடு வரும்வரை பெரம்பலூரில் ஓர் அரிசி மண்டிக்குப் பின்னால் வாடகைக்குக் குடியிருந்தோம். அந்த வீட்டுக்காரர் நல்ல மனிதர்தான், ஆனால் சுவரில் ஆணி அடிக்கக் கூடாது என்பதில் மட்டும் கண்டிப்பானவர். அதனால் எங்கள் காலண்டர் ஜன்னல் கம்பியில் தொங்கியது. காற்றடித்தால் தேதி தெருப் பக்கம் திரும்பிக்கொள்ளும். அம்மா தன் வளையல்களை விற்று ஊருக்கு வெளியே மூன்று சென்ட் மனை வாங்கினாள். அரியலூரில் இருந்த ஒரு வீட்டுக் கடன் சங்கத்தில் அப்பா இருபதாயிரம் ரூபாய் கடன் வாங்கினார். மாதம் இருநூற்றுப் பதினைந்து ரூபாய் கட்ட வேண்டும். இப்படியாக எங்களுக்கு ஒரு தளம் போட்ட வீடு வந்தது. குடிபுகுந்த அன்று பால் காய்ச்சி முடித்ததும் அம்மா செய்த முதல் வேலை, சுவரில் வரிசையாக ஏழு ஆணிகள் அடித்ததுதான். மாட்டுவதற்கு எங்களிடம் இருந்தது ஒரு காலண்டரும் ஒரு சாமி படமும் மட்டுமே.

அப்பா அன்றைக்கு வேடிக்கையாக ஒன்று சொன்னார்.

"இப்பவே ரொம்ப ஆடாதீங்க. வூடு இன்னும் சங்கத்துக்குத்தான் சொந்தம். மாசாமாசம் கொஞ்சம் கொஞ்சமா நாமதான் வாங்கிக்கணும்."

அவர் சொன்னதை அவரே அன்று மாலைக்குள் மறந்திருப்பார். ஆனால் எட்டாம் வகுப்புப் படித்துக்கொண்டிருந்த என் அக்கா எதையும் அப்படி விடுகிறவள் இல்லை. கணக்கில் அவள் வகுப்பிலேயே முதல். இருபதாயிரத்தை இருநூற்றுப் பதினைந்தால் வகுத்தாள். தொண்ணூற்று மூன்று மாதம் என்று வந்தது. பிறகு ஒரு கயிற்றில் அடி அடியாக முடிச்சுப் போட்டு வீட்டை அளந்தாள். இரண்டாம் வகுப்புக்காரியான எனக்குக் கயிற்றின் மறுமுனையைப் பிடிக்கும் பொறுப்பு. வீட்டின் உள்ளளவு நானூற்று அறுபத்தைந்து சதுர அடி. அதைத் தொண்ணூற்று மூன்றால் வகுத்தால் சரியாக ஐந்து. ஆக, அப்பா ஒவ்வொரு மாதமும் பணம் கட்டிவிட்டு வரும்போது ஐந்து சதுர அடி எங்களுக்குச் சொந்தமாகும்.

ஒரு சிக்கல் மட்டும் இருந்தது. கடன் பத்திரத்தில் பதினைந்து வருடம் என்று எழுதியிருந்தது. அக்காவின் கணக்குப்படி எட்டு வருடம்கூட ஆகாது. அப்பாவிடம் கேட்டாள்.

"அதெல்லாம் ஆபீஸ் கணக்கு பாப்பா," என்று சொல்லிவிட்டு அப்பா சட்டையை மாட்டிக்கொண்டு டியூட்டிக்குக் கிளம்பிவிட்டார். ஆபீஸில் இருப்பவர்கள் கணக்கில் கொஞ்சம் மந்தம் போலிருக்கிறது என்று நாங்கள் இருவரும் முடிவு செய்துகொண்டோம்.

எந்த இடத்தை முதலில் வாங்குவது என்பதில் வீட்டில் பெரிய வாக்குவாதம் நடந்தது. தன் கட்டில் கிடக்கும் கூடத்தைத்தான் முதலில் வாங்க வேண்டும் என்றார் அப்பா. நான் ஜன்னலுக்காகப் பேசினேன். "பொழுதெல்லாம் சமையக்கட்டுல நிக்கிறவ நாந்தான்," என்று அம்மா சொன்னதும் சமையலறை என்று முடிவாயிற்று. அடுப்படியிலிருந்து தொடங்கினோம். ஒவ்வொரு மாதமும் பத்தாம் தேதி அப்பா ரசீதோடு வருவார். அக்கா அதை வாங்கிப் படித்துச் சரிபார்த்து, தரையில் சாக்பீஸால் புதுக் கோடு போடுவாள். கோட்டுக்கு இந்தப் பக்கம் நாங்கள், அந்தப் பக்கம் சங்கம். எங்கள் தரையில் சோறு சிந்தினால் துடைக்க வேண்டும் என்று அவள் ஒரு சட்டம் போட்டாள். நான் அன்று முதல் சங்கத்தின் பக்கம் உட்கார்ந்தே சாப்பிட்டேன்.

பன்னிரண்டாவது மாதம் கோடு நிலைப்படியைத் தொட்டது. எட்டடிக்கு ஏழரையடி, அறுபது சதுர அடி, முழுவதும் எங்களுடையது. அம்மா கேசரி கிண்டினாள். கூடம் காலியாகக் கிடக்க, நாங்கள் நான்கு பேரும் முட்டியோடு முட்டி இடித்துக்கொண்டு சமையலறைக்குள்ளேயே உட்கார்ந்து சாப்பிட்டோம். அப்பா தோல்பையைக் கழற்றி வெளியே வைத்துவிட்டு, நிலைப்படியில் நின்று, "மொதலாளியம்மா, உள்ள வரலாமுங்களா?" என்று கேட்டார். அம்மா கரண்டியை ஆட்டி அனுமதி கொடுத்தாள்.

இரண்டு வாரம் கழித்து, ஒரு சனிக்கிழமை மத்தியானம், சங்கத்திலிருந்து தபால் வந்தது. வருடக் கணக்கு. அப்பாவுக்கு அன்று ஓய்வு, கட்டிலில் படுத்திருந்தார். அக்கா உறையைப் பிரித்து ஒரு முறை படித்தாள். பிறகு இன்னொரு முறை படித்தாள்.

"அப்பா, ஆபீஸ்ல தப்பா எழுதிட்டாங்க. நாம ரெண்டாயிரத்து ஐநூத்தி எம்பது கட்டியிருக்கோம். அறுநூத்தி ஏழுதான் கழிச்சிருக்காங்க. இன்னும் பத்தொம்பதாயிரத்து முந்நூத்துத் தொண்ணூத்தி மூணு பாக்கியாம்."

அப்பா எழுந்து உட்கார்ந்தார். "தப்பில்ல பாப்பா. மீதி வட்டி."

"அம்புட்டுமா?"

"மொதல்ல வட்டிய எடுத்துப்பாங்க. அதுபோக மிச்சம்தான் அசல்ல கழியும். போகப்போக வட்டி கொறையும், அசல் கூடும்."

அக்காவின் உதடு துடித்தது. ஆனாலும் அவள் நேர்மையான கணக்குக்காரி. தரையிலேயே உட்கார்ந்து புதிதாகக் கணக்குப் போட்டாள். அறுநூற்று ஏழு ரூபாய்க்குப் பதினாலு சதுர அடிதான் வந்தது. ஈரத் துணியை எடுத்துச் சமையலறைக்குள் போய், நிலைப்படியிலிருந்து அடுப்புவரை ஒவ்வொரு கோடாக அழித்தாள். ஒரு வருடத்துக்கு ஒரு முழு அறையாவது மிஞ்ச வேண்டும் என்று வீடெல்லாம் கயிற்றோடு அலைந்தாள். கடைசியில் கிடைத்துவிட்டது. வெளியே வந்து எல்லோருக்கும் அறிவித்தாள்.

"சமையக்கட்டு போச்சு. பாத்ரூம் மட்டுந்தான் நம்முளுது. மூணரையடிக்கு நாலடி."

எனக்கு அதில் ஒரு வருத்தமும் இல்லை. தாழ்ப்பாள் உள்ள அறை சொந்தமாகக் கிடைத்தால் யாருக்குத்தான் வருத்தம் வரும்? தலையணையையும் சிலேட்டையும் எடுத்துக்கொண்டு நேராகக் குளியலறைக்குக் குடிபோனேன். அதைப் பார்த்து அப்பா சிரிக்கத் தொடங்கினார். தோள் குலுங்கி, கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தார்.

அம்மா சிரிக்கவில்லை. அவள் ஐந்தாம் வகுப்போடு நின்றவள். அக்காவின் கோடுகளை ஒரு வருடமாக விளையாட்டாகத்தான் பார்த்திருந்தாள்.

"பதினஞ்சு வருசமும் கட்டினா மொத்தம் எம்புட்டு ஆவும்?"

அக்கா பெருக்கினாள். "முப்பத்தெட்டாயிரத்து எழுநூறு."

தலையணையோடு நான் எட்டிப் பார்த்தேன்.

"இருபதாயிரத்துக்குப் பதினெட்டாயிரத்து எழுநூறு வட்டியா?" என்றாள் அம்மா. "ஏங்க, இது ஒங்களுக்குத் தெரியுமா?"

பையில் ஐந்து பைசா குறைந்தாலும் எந்த நிறுத்தத்தில் குறைந்தது என்று சொல்லக்கூடியவர் அப்பா. அவரிடம் போய்க் கேட்கிற கேள்வியா அது?

"தெரியும்."

"எப்பலேர்ந்து?"

"கையெழுத்துப் போட்ட அன்னிக்கே."

"எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லல."

"சொன்னா நீ வூடே வேணாம்னிருப்ப."

"ஆமா. வேணாம்னுதான் சொல்லியிருப்பேன்," என்றாள் அம்மா.

அதன் பிறகு அம்மா அப்பாவிடம் நேராகப் பேசவில்லை. பேச வேண்டியதெல்லாம் என் வழியாகப் போயிற்று. "ஒங்கப்பாவச் சாப்பிட வரச் சொல்லு" என்பாள், அவர் இரண்டடி தள்ளி உட்கார்ந்திருப்பார். "வரேன்னு சொல்லு" என்பார் அவர். நான் இருவருக்கும் நடுவே ஓடி ஓடிச் சேதி சொன்னேன். எனக்கு அப்படி ஒரு முக்கியத்துவம் அதற்கு முன் வந்ததில்லை. அவர்கள் சமாதானமாகிவிடக் கூடாதே என்றுகூட நினைத்தேன்.

புதன்கிழமை பள்ளி விடுமுறை. அம்மா எங்களைத் தலைவாரிப் புறப்படச் சொன்னாள். பஸ் ஸ்டாண்டில் வேறு இரண்டு பஸ்கள் நிற்க, அப்பாவின் பஸ்ஸாகப் பார்த்து ஏறினாள். அப்பா பின்னாலிருந்து டிக்கெட் போட்டுக்கொண்டே வந்தவர் எங்களைக் கண்டதும் நின்றுவிட்டார்.

"எங்க கெளம்பிட்டீங்க?"

"அரியலூருக்கு ரெண்டு முழுசு, ஒரு அரை."

"என்னா சோலியா?"

"டிக்கெட்டக் குடுங்க," என்று அம்மா சில்லறையைச் சரியாக எண்ணி நீட்டினாள்.

பின் இருக்கையிலிருந்து ஒருவர், "வூட்டம்மாகிட்டயே காசு வாங்குற கண்டக்டர இன்னிக்குத்தான் பாக்குறேன்!" என்றார். பஸ்ஸே சிரித்தது. அம்மா ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். சுண்ணாம்புக்கல் லாரிகள் எதிரே புழுதி கிளப்பிக்கொண்டு போயின. நான்கு நாளுக்குப் பிறகு இருவரும் நேராகப் பேசியது டிக்கெட்டைப் பற்றித்தான். என் உத்தியோகம் அதோடு முடிந்தது.

சங்கத்தின் ஆபீஸ் ஒரு மாடிப்படிக்கு அடியில் இருந்தது. மூக்குக்கண்ணாடி போட்ட கிளார்க் ஒருவர் பேரேட்டில் எழுதிக்கொண்டிருந்தார். அம்மா புடவைத் தலைப்பை இழுத்துச் செருகிக்கொண்டு நின்றாள்.

"சார், மாசம் கட்டுறதுக்கு மேல கையில இருக்கறத கட்டினா வாங்கிப்பீங்களா?"

"தாராளமா கட்டலாம்மா."

"அது வட்டியில போவுமா, அசல்ல போவுமா?"

கிளார்க் பேனாவைக் கீழே வைத்தார். "இந்த மாசத்து வட்டிதான் கட்டியாச்சே. மேல கட்டுறது அசல்லதாம்மா கழியும். அசல் கொறஞ்சா அதுக்கப்புறம் வர்ற வட்டியும் கொறையும். யாரும்மா சொன்னது ஒங்களுக்கு?"

"யாரும் சொல்லல. எங்க பெரியவ சமையக்கட்ட அழிச்சா, அதப் பாத்துத்தான் கேக்குறேன்," என்றாள் அம்மா. அவருக்குப் புரிந்திருக்க வழியில்லை.

அம்மா மஞ்சள் பையிலிருந்து துணி முடிச்சை எடுத்து அவிழ்த்தாள். தையல் மிஷின் வாங்குவதற்காக மூன்று வருடமாக அவள் சேர்த்த பணம் அது. அறுநூற்று நாற்பத்தைந்து ரூபாய் இருந்தது. அக்கா மேசைமேல் விரலால் கணக்குப் போட்டவள் திடீரென்று கத்திவிட்டாள்.

"அம்மா! பதினஞ்சு அடி! ஒரு வருசம் பூரா கட்டினதுக்குப் பதினாலு அடிதான். இது ஒரே நாள்ல பதினஞ்சு!"

கிளார்க்குக்கும் அந்த உற்சாகம் தொற்றிக்கொண்டது. ஒரு துண்டுக் காகிதத்தில் வேகவேகமாக ஏதோ எழுதி நிமிர்ந்தார். "மாசத் தவணைய இப்படியே வுடாம கட்டி வந்தீங்கன்னா, இந்தப் பணத்தால ஏறக்கொறைய ஒரு வருசம் முன்னாடியே கடன் முடிஞ்சிரும்மா."

அம்மா அவரை இரண்டு முறை சொல்லச் சொல்லிக் கேட்டாள். பிறகு சிரித்தாள். வாயைப் பொத்திக்கொண்டு, அடக்க முடியாமல், ஒரு பள்ளிக்கூடப் பெண்ணைப் போலச் சிரித்தாள். வெளியே வந்ததும் கேட்காமலேயே எங்களுக்குச் சேமியா ஐஸ் வாங்கிக் கொடுத்தாள்.

மத்தியானம் அப்பாவின் பஸ் மறுநடை வந்து நின்றதும் அம்மா படியருகே போய் ரசீதை நீட்டினாள்.

"ஏங்க, ஒரு வருசத்தக் கொறச்சுட்டு வந்துட்டேன்."

அப்பா படித்தார். "மிஷின் காசா?"

"மிஷினு எங்க போயிடப் போவுது? அத அப்பறம் வாங்கிக்கலாம். இந்த வட்டிதான் நிக்காம ஓடுது."

மறுவருடம் பழைய மிஷின் ஒன்று வந்தது. அக்கம்பக்கத்து ரவிக்கைகளைத் தைத்த காசு மாதா மாதம் தவணையோடு சேர்ந்து போனது. பதினைந்து வருடக் கடன் பதினோராவது வருடத்தில் முடிந்தது. ஆனால் எனக்கு நன்றாக நினைவிருப்பது அந்த மத்தியானம்தான்.

திரும்பி வரும்போது அப்பா எங்கள் டிக்கெட்டுக்குத் தன் சட்டைப் பையிலிருந்து காசு எடுத்துத் தோல்பையில் போட்டார். ஒவ்வொரு நிறுத்தத்தின் பெயரையும் பாட்டுப் போல நீட்டிக் கூவினார். கோழிக்கூடையோடு ஏறிய ஒரு கிழவரிடம், "கோழிக்கு அரை டிக்கெட் போடவா, பெரியவரே?" என்று கேட்டார். அம்மா முன் இருக்கையில் உட்கார்ந்து எல்லாவற்றுக்கும் திரும்பித் திரும்பிச் சிரித்தாள். ஒரு வருடம் குறைந்ததற்கு இவ்வளவு சந்தோஷமா என்று நான் நினைத்துக்கொண்டேன். வீடு கட்டத் தொடங்கிய நாளிலிருந்து அந்த முப்பத்தெட்டாயிரத்து எழுநூறை அப்பா ஒருவர் மட்டுமே மனதில் வைத்துக்கொண்டு நாளுக்கு நான்கு நடை போய்வந்திருக்கிறார் என்பதும், இனி அதை வீட்டிலேயே இன்னொருவரிடம் வாய்விட்டுப் பேசலாம் என்பதும் எனக்கு அப்போது தெரியாது. கீழப்பழுவூரோ குன்னமோ, எந்த ஊர் எந்தப் பக்கம் என்றுகூடத் தெரியாத வயது. எனக்குத் தெரிந்ததெல்லாம், அப்பா தன் விசிலைக் கழற்றி என் கழுத்தில் மாட்டிவிட்டார். நான் ஊதினால் அவ்வளவு பெரிய பஸ் நின்றது, மறுபடி ஊதினால் கிளம்பியது.