ஒன்றரை ஏக்கர் குழப்பம்

எனக்கு இந்தி தெரியும் என்பதைப் பெண் பார்க்க வந்த அன்றே என் அப்பா பெருமையாகச் சொல்லியிருக்கக் கூடாது. நான் விழுப்புரத்தில் ரயில்வே குவார்ட்டர்ஸில் வளர்ந்தவள். பக்கத்து வீட்டில் ஒரு வடக்கத்திக் குடும்பம். அந்தப் பிள்ளைகளோடு விளையாடி வந்த இந்தி அது. அப்பா அதை ஒரு தகுதியாக எடுத்துச் சொல்ல, திண்டிவனத்து மாமனார் கவனமாகக் காதில் வாங்கி வைத்துக்கொண்டார்.

கல்யாணமான அடுத்த வருஷம் வீட்டுக்கு டிவி வந்தது. ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் இந்திப் படம். தெருவே எங்கள் கூடத்தில் வந்து உட்கார்ந்துவிடும். டிவிக்குப் பக்கத்தில் ஒரு முக்காலியைப் போட்டு, "இங்க உக்காந்து சொல்லிக்கினே வாம்மா" என்று மாமனார் என்னை உட்கார வைத்தார். அதோடு என் ஞாயிற்றுக்கிழமைகள் போயின.

அழுகைப் படங்களில் தொல்லை இல்லை. திரையில் அம்மா அழுவாள், பிள்ளை அழுவான், தெருவும் சேர்ந்து அழும். நான் சும்மா இருக்கலாம். சிரிப்புப் படம் வந்தால்தான் உயிர் போகும். ஒரு வேடிக்கையைத் தமிழில் சொல்லி முடிப்பதற்குள் இன்னும் நாலு ஓடியிருக்கும். நான் சொல்வதற்கு யாரும் சிரிப்பதும் இல்லை. "அதுல என்னா இருக்குது சிரிக்க?" என்று என்னைக் கேட்பார்கள், வசனம் எழுதியதே நான்தான் என்பது போல.

மாமனார் சர்வேயராக இருந்து ஓய்வு பெற்றவர். காலமெல்லாம் சங்கிலி பிடித்து நிலம் அளந்தவருக்கு, ஒன்றோடொன்று ஒட்டாத எதையும் பார்த்துக்கொண்டு சும்மா இருக்க முடியாது.

"இரு, இரு. இவன் யாரு?"

"அதே ஆளுதான் மாமா. மீசை ஒட்டிக்கினு வந்திருக்கான்."

"மீசை வெச்சா கட்டின பொண்டாட்டிக்கே அடையாளம் தெரியாதா?"

"படத்துல தெரியாது மாமா."

"அப்ப இதுக்குப் பத்து சென்ட் போடு."

ஆமாம், குழப்பத்தை அவர் நிலம் மாதிரியே அளந்தார். ஒரு பொய்க்கு ஒரு சென்ட். கேட்டவன் காரணமே இல்லாமல் நம்பினால் இரண்டு. மாறுவேஷத்துக்குப் பத்து. படம் முடிந்ததும் எழுந்து நின்று தெருவுக்கு அறிவிப்பார்: "போன வாரம் நாப்பது சென்ட்டுதான். இது ஒண்ணரை ஏக்கர் பேஜாரு."

அதோடு விட்டாரா? சிவப்புச் சிமெண்டுத் தரையில் சாக்பீஸால் படத்தில் வரும் வீட்டுக்கு வரைபடம் போடுவார். எவன் எந்தக் கதவு வழியாக ஓடினான், எவன் எந்தக் கட்டிலுக்கடியில் ஒளிந்தான் என்பதற்கெல்லாம் நான் சாட்சி. "இந்த ரூமுக்கு வாசலே இல்லியே, எப்படி உள்ள வந்தான்? நல்லாப் பாத்துச் சொல்லு" என்பார். படம் எடுத்தவனுக்கே தெரியாததை நான் எங்கே போய்ப் பார்ப்பது? மறுநாள் காலையில் குனிந்து அந்த வீட்டைத் துடைப்பதும் என் வேலைதான்.

அந்தச் சமயம் என் நாத்தனாருக்கு வரன் பார்த்துக்கொண்டிருந்தார்கள். விழுப்புரத்தில் ஒரு வாத்தியார் மாப்பிள்ளை. "வர்ற ஞாயித்துக்கிழமை வர்றோம்" என்று அவர்கள் ஒரு சொந்தக்காரரிடம் சொல்லி அனுப்பியிருந்தார்கள். மாமனார் அதை அடுத்த வாரம் என்று எடுத்துக்கொண்டார். அவர்கள் வந்தது இந்த வாரம்.

அன்றைக்குப் படத்தில் ஒருவன் பூப்போட்ட புடவை கட்டிக்கொண்டு, அந்த வீட்டு மகளாக நடித்துக்கொண்டிருந்தான். உண்மையான மகள் பீரோவுக்குள். நான் தொண்டை வறளச் சொல்லிக்கொண்டிருந்தேன். வாசலில் யாரோ நாலு பேர் வந்து நிற்க, மாமனார் தலையைத் திருப்பாமலே, "செருப்ப வெளிய விட்டுட்டு வந்து உக்காருங்க, மறைக்காதீங்க" என்றார். அவர்களும் மறுபேச்சில்லாமல் கூட்டத்துக்குள் உட்கார்ந்துவிட்டார்கள்.

ஒரு அம்மா என் முதுகுக்குப் பின்னால் வந்து உட்கார்ந்து மெதுவாகக் கேட்டார். "ஏம்மா, இந்த வீட்டுப் பொண்ணு எது? அந்தப் பூப்போட்ட பொடவையா?"

நான் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "அது பொண்ணே இல்லீங்க. ஆம்பளை. பொடவை கட்டிக்கினு எல்லாரையும் ஏமாத்தறான்."

முதுகுக்கு இன்னும் கிட்ட வளையல் சத்தம் கேட்டது. பிறகு, "அவங்க அப்பாவுக்குத் தெரியுமா?" என்றது குரல்.

"தெரியாதுங்க. கல்யாணத்துக்கு அப்புறம்தான் எல்லாருக்கும் தெரியும்."

என் நாத்தனாரும் அன்று பூப்போட்ட புடவையில்தான் இருந்தாள். டிவிக்கு நேர் கீழே உட்கார்ந்து, மடியில் வேகவைத்த மல்லாட்டையை, அதாவது வேர்க்கடலையை, கொட்டி உரித்துக்கொண்டிருந்தாள்.

சமையலறையிலிருந்து வெளியே வந்த என் மாமியார் அப்படியே நின்றார். அந்த அம்மாவை அவர் திருவக்கரைக் கோயிலில் ஒரு தரம் பார்த்திருக்கிறார். "ஐயோ, சம்பந்தி வீட்டுக்காரங்க!" என்று அவர் போட்ட சத்தத்தில் கூடமே எழுந்தது. நாத்தனார் மல்லாட்டைத் தோலை உதறிவிட்டுப் பின்கட்டுக்கு ஓடினாள். தெருக்காரர்கள் மரியாதைக்கு எழுந்து ஒரே நேரத்தில் வாசலை அடைத்தார்கள். மாப்பிள்ளையின் அப்பா, "கெளம்பலாம்" என்று செருப்பைத் தேட, அந்தக் குவியலில் அவர் செருப்பு கிடைக்கவில்லை. என் கணவர் என் காதோரம் வந்து, "இதுக்கு எத்தன ஏக்கர்?" என்றார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

"யாரு கேக்கறாங்கன்னு திரும்பிப் பாக்க மாட்டியா?" என்று எல்லார் முன்னாலும் மாமனார் என்மேல் பாய்ந்தார்.

"நீங்க திரும்பிப் பாத்தீங்களா மாமா?" என்று கேட்டுவிட்டேன். கல்யாணமாகி வந்த பிறகு நான் அவரை எதிர்த்துப் பேசியது அதுதான் முதல் தடவை. அவர் மாப்பிள்ளை அப்பாவின் செருப்பைத் தேடக் குனிந்தார்.

நல்லவேளையாக மாப்பிள்ளைக்கு விஷயம் புரிந்தது. அவர் தன் அம்மாவிடம் டிவியைக் காட்டி எதையோ சொல்ல, அந்த அம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினார். பெண் காபி கொண்டுவந்து கொடுத்தாள். தலையில் ஒரு மல்லாட்டைத் தோல் ஒட்டியிருந்தது. அதைப் பார்த்துக்கொண்டே மாப்பிள்ளை சரி என்றார். தை மாதம் விழுப்புரத்தில் கல்யாணம் நடந்தது.

அவர்கள் பெண் பார்த்துவிட்டுப் போன அடுத்த ஞாயிற்றுக்கிழமையே நான் முக்காலியில் உட்காரவில்லை. "இனிமே என்னால முடியாது மாமா" என்று சொல்லிவிட்டுச் சமையலறைக்குப் போய்விட்டேன். அன்றும் சிரிப்புப் படம். குழம்பைக் கிளறிக்கொண்டிருந்தபோது கூடத்தில் சிரிப்பு வெடித்தது. மாமனார் சிரிப்புதான் எல்லாவற்றையும் விடப் பெரிதாகக் கேட்டது. எட்டிப் பார்த்தேன்.

"என்னா மாமா, புரியுதா?"

"ஒண்ணும் புரியல" என்றார், கண்ணைத் துடைத்துக்கொண்டே. "நீ போய் வேலையப் பாரு."

இத்தனை மாதம் என் தொண்டை எதற்காக வறண்டது என்று யாரைப் போய்க் கேட்பது?