முள்ளங்கித் தொட்டிக்குள் கடிதங்கள்

துறைமுகத்துக்கு மேலே, அமெரிக்க மிஷனரிகள் தொடங்கிய பெண்கள் கல்லூரியில் விடுதிச் சமையல்காரியாக இருந்தவள் தொகிவா. அமெரிக்காவோடு போர் மூண்டதும் அமெரிக்க ஆசிரியைகள் கப்பலேறிவிட்டார்கள். அவர்கள் மாணவிகளுக்கு எழுதிய கடிதங்கள் தங்கிவிட்டன. எதிரி நாட்டார் கடிதங்களான அவை அகப்பட்டால் சிறைதான்.

ஒரு நாள் காலை இராணுவப் போலீஸ் வாசலில் வந்து நின்றது. மாணவி நவோயே கடிதக்கட்டோடு அடுக்களைக்கு ஓடிவந்தாள்.

"அக்கா, அடுப்புல போட்டுடுங்க!"

"காகிதம் எரியிற வாடை காட்டிக் குடுத்துடும்டி. இங்க குடு."

தொகிவா அதை எண்ணெய்த்துணியில் சுற்றி, தவிட்டில் முள்ளங்கி ஊறிய மரத்தொட்டிக்குள் ஆழமாகத் திணித்தாள்.

அதிகாரி ஒவ்வொரு பானையாகத் திறந்துகொண்டு வந்தான். தொட்டியருகே நின்றான்.

"இதுல என்ன?"

"ஊறுகாய்ங்க ஐயா." தொகிவா மூடியைத் திறந்து காட்டினாள்.

"ஒண்ணு எடு, பார்ப்போம்."

முழங்கைவரை கையை விட்டாள். விரலில் முதலில் பட்டது துணிக்கட்டுதான். அதைத் தள்ளிவிட்டு ஒரு முள்ளங்கியை உருவி, நறுக்கிக் கொடுத்தாள். மென்று பார்த்தவன், "உப்பு பத்தல," என்று சொல்லிவிட்டுப் போனான்.

நவோயே சிரித்தேவிட்டாள். தொகிவா தரையிலேயே உட்கார்ந்துவிட்டாள்.

போர் முடிந்து, கல்லூரி பல்கலைக்கழகமாகி, அவள் ஓய்வுபெறும்வரை, வாசலில் பூட்ஸ் சத்தம் கேட்டால் ஓடிப்போய் ஊறுகாய்த் தொட்டியருகே நின்றுகொள்வாள். "பயந்தாங்கொள்ளி அக்கா," என்று புது மாணவிகள் கேலி செய்வார்கள்.

"ஆமாம்டி," என்பாள். காரணத்தை யாரிடமும் சொன்னதில்லை.