மயில் போட்ட கை

என் அம்மாவின் கை எந்தெந்த நாட்டுத் திரையிலோ ஓடியிருக்கிறது. முகம் ஓடவில்லை. அது அம்மா போட்ட நிபந்தனை.

ஆம்பூரில் எங்கள் தெருப் பெண்கள் வீட்டில் உட்கார்ந்தே ஷூ தைப்பார்கள். ஏஜென்ட் வெட்டின தோலைக் கொண்டுவந்து போடுவான், தைத்ததை எடுத்துப்போவான். கொடுத்தது கூலியே இல்லை. வெளியே வாயைத் திறந்தால் அதுவும் நின்றுபோகும். அதைப் படம் எடுக்கத்தான் நெதர்லாந்திலிருந்து ஒரு வெள்ளைக்காரம்மா வந்தார். சுரங்கம், சிறை, அகதி முகாம் என்று நாடு நாடாகப் போய்ப் படம் எடுப்பதே அவர் பிழைப்பு என்று மொழிபெயர்க்க வந்த வேலூர் அக்கா சொன்னார். கல்யாணமெல்லாம் எடுக்கமாட்டாரா என்று கேட்டேன். அக்கா சிரித்தார்.

எனக்கு எட்டு வயது. வெள்ளைக்காரம்மாவை விட்டு நகரவில்லை. அவர் எதைப் பார்க்கிறாரோ அதையே நானும் உற்றுப் பார்த்தேன். சாக்கடை. பசை டப்பா. அம்மாவின் விரல். இதில் என்ன இருக்கிறது என்று இதைப் பார்க்கக் கடல் தாண்டி வந்திருக்கிறார்?

மறுநாள் கையை மட்டும் எடுப்பதாகப் பேச்சு. சாயங்காலமே அம்மா நாங்கள் காலா என்று கூப்பிடும் பக்கத்து வீட்டு முஸ்லிம் அம்மாவிடம் போய் மருதாணி போட்டுக்கொண்டு வந்தாள். இரண்டு கையிலும் மணிக்கட்டு வரைக்கும் மயில்.

காலையில் கையைப் பார்த்ததும் வெள்ளைக்காரம்மாவின் முகம் வாடிவிட்டது. ஊசி குத்தின தழும்பு, பசைக் கறுப்பு எல்லாம் மயிலுக்கு அடியில் போய்விட்டன. கழுவினால் போகுமா என்று அக்கா தயங்கித் தயங்கிக் கேட்டார்.

"மூஞ்சி வேணாம்னு நான்தான் சொன்னேன். கையாச்சும் நல்லா இருக்கட்டுமே," என்றாள் அம்மா.

அக்கா அதைச் சொன்னதும் வெள்ளைக்காரம்மா அம்மாவின் கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பிறகு காமிராவை எடுத்தார்.

அந்த வாரம் சரக்கு எடுக்க வந்த ஏஜென்ட், "இன்னாம்மா, வீட்ல விசேஷமா?" என்று கிண்டல் செய்துவிட்டுப் போனான்.

பல மாதம் கழித்து மறுபடி வாசலில் வந்து நின்றான். அவன் போனில் அந்தப் படம். கம்பெனியில் யாரோ அனுப்பியிருக்கிறார்கள்.

"இந்த மயிலு யார்துமா?"

அம்மா கையை முந்தானைக்குள் இழுத்துக்கொண்டாள். தைக்காமல் கிடந்த தோலையும் அள்ளிக்கொண்டு போனான். அதோடு வேலை போயிற்று.

வெள்ளைக்காரம்மா வாக்கைக் காப்பாற்றினார். முகம் எங்கேயும் இல்லை. கறுத்த கையாகவே விட்டிருந்தால் ஒரு பயலுக்கும் தெரிந்திருக்காது. எங்கள் தெருவில் எல்லார் கையும் அப்படித்தான். படம் பரிசு வாங்கியதாம், எழுந்து நின்று கைதட்டினார்களாம். தட்டட்டும்.

ஏஜென்ட் தெரு முனை தாண்டியதும் அம்மா அப்பாவின் போனை என்னிடம் கொடுத்து, அந்தப் படத்தைத் தேடச் சொன்னாள். கிடைத்தது. இரண்டு மயிலும் தோல் மேல் குனிந்து குனிந்து நிமிர்ந்தன. அம்மா மூச்சு விடாமல் பார்த்தாள். முடிந்ததும், "மறுபடி போடுடி," என்றாள்.

போட்டேன். எனக்கு ஏஜென்ட் மேல் கோபம் வரவில்லை, அம்மா மேல்தான் வந்தது. வேலை போன வீட்டில் இவள் எதைப் பார்த்து இப்படிச் சிரிக்கிறாள் என்று எனக்கு அன்றைக்கு விளங்கவே இல்லை.